சோலோ வாசிக்காதவரைப் படமெடுப்பது

ஜாஸ் கச்சேரிகளில் முதல் வருடம் நான் எடுத்த வீடியோ படங்களையெல்லாம் போன மாதம் உட்கார்ந்து பார்த்தேன். மொத்தம் முப்பத்தொரு ராத்திரிகள். எல்லாவற்றிலும் ஒரே கதைதான். சாக்ஸபோன்காரர் சோலோ, அதாவது தன் தனி முறையை, வாசிக்கிறார், கேமரா அவர் மேல் இருக்கிறது. அவர் முடித்ததும் கைதட்டல். கேமரா அடித்துப் பிடித்துக்கொண்டு டிரம்பெட்காரரைத் தேடி ஓடுகிறது, போய்ச் சேர்வதற்குள் அவர் நாலு பார் (பார் என்றால் ஒரு தாளக் கட்டம்) வாசித்து முடித்துவிட்டார், ஃபோகஸும் இல்லை. இப்படியே முப்பத்தொரு ராத்திரி. நடுவில் ஒரே ஒரு இடத்தில், யாரோ ட்ரைபாடில் இடறியதால் கேமரா தானாகத் திரும்பிப் பியானோ பக்கம் போய் நின்றிருக்கிறது. இருபது விநாடி இருக்கும். பியானோக்காரர் அப்போது வாசிக்கவே இல்லை. கைகளைத் தொடையில் வைத்துக்கொண்டு தலையைக் கொஞ்சம் சாய்த்து சாக்ஸபோனைக் கேட்டுக்கொண்டிருக்கிறார், திடீரென்று ‘அடப்பாவி!’ என்பது மாதிரி ஒரு சிரிப்பு. அந்தச் சிரிப்பைப் பார்த்த பிறகுதான் சாக்ஸபோன்காரர் என்ன செய்தார் என்பதே எனக்குக் காதில் விழுந்தது. அன்று ராத்திரி அதே அறையில் ஆறடி தூரத்தில் நின்று கேட்டபோது விழவில்லை.

நான் எழுதுகிற ஆள். ஜாஸ் பற்றிப் பத்து வருடத்துக்கு மேல் எழுதிவிட்டுத்தான் கேமராவைத் தொட்டேன். எழுத்தில் ஒரு பெரிய சௌகரியம் உண்டு. ராத்திரி கேட்டதை மறுநாள் காலையில் காபியோடு உட்கார்ந்து, எது முக்கியம் என்று நிதானமாக முடிவு செய்யலாம். ‘அப்போது பாஸ்காரர் கண்ணை மூடியிருந்தார்’ என்று (பாஸ் என்றால் கீழ்ஸ்தாயித் தந்தி வாத்தியம்) ஒரு வரி சேர்க்க வேண்டும் என்றால் சேர்த்துக்கொள்ளலாம், பார்த்த ஞாபகம் லேசாக இருந்தால் போதும். கேமராவிடம் அந்தப் பாச்சா பலிக்காது. பாஸ்காரர் பக்கம் திருப்பவில்லையா, அவர் கண்ணை மூடவே இல்லை. அவ்வளவுதான்.

எழுத்திலிருந்து படத்துக்கு வந்தவர்களில் எனக்கு ஆதர்சம் வில்லியம் காட்லீப். அவர் எடுத்தது அசையும் படமல்ல, புகைப்படம். 1930களின் கடைசியில் வாஷிங்டன் போஸ்ட் நாளிதழில் ஜாஸ் பத்தி எழுதிக்கொண்டிருந்தார். கூடவே ஒரு புகைப்படக்காரரை அனுப்பப் பத்திரிகை காசு கொடுக்கவில்லை, சரி நாமே எடுப்போம் என்று ஸ்பீட் கிராஃபிக் கேமரா ஒன்றை வாங்கித் தானாகவே கற்றுக்கொண்டார். பெரிய, கனமான கேமரா அது. ஒவ்வொரு படத்துக்கும் ஃபிலிம் ஹோல்டரை மாற்ற வேண்டும், ஒவ்வொரு படத்துக்கும் புது ஃபிளாஷ் பல்பு. இரண்டுமே விலை அதிகம், அதனால் ஒரு ராத்திரிக்கு மூன்று நாலு படம்தான் எடுப்பார். பில்லி ஹாலிடே கழுத்தைப் பின்னுக்குச் சாய்த்துப் பாடுகிற அந்தப் படத்தைப் பார்க்காதவர் யாரும் இருக்க முடியாது, 1947-இல் நியூயார்க்கில் எடுத்தது. நாலே நாலு ஃபிலிம் கையில் இருக்கும்போது அந்தக் கணம் எப்படிக் கிடைத்தது என்றால், அவருக்குப் பாட்டு தெரியும். அடுத்து எங்கே ஏறப்போகிறது என்று தெரியும். காத்திருந்தார், அழுத்தினார். 1948-இல் ஜாஸை விட்டுவிட்டு வேறு தொழிலுக்குப் போய்விட்டார். அவர் படங்களை 1995-இல் லைப்ரரி ஆஃப் காங்கிரஸ் வாங்கியது, 2010 முதல் யார் வேண்டுமானாலும் பயன்படுத்தலாம், அவர் விருப்பப்படியே. என் கேமராவில் ராத்திரிக்கு மூன்று மணி நேரம் பதிவாகிறது, அதில் ஒரு காட்லீப் படத்துக்கு ஈடாக எதுவும் இல்லை என்பதை நினைத்தால் கொஞ்சம் வெட்கமாக இருக்கிறது.

என் முப்பத்தொரு ராத்திரிகளிலும் என்ன தப்பு என்று புரிய வைத்தது 1957-இல் ஒளிபரப்பான ஒரு டிவி நிகழ்ச்சி. டிசம்பர் 8, சிபிஎஸ், ‘தி சவுண்ட் ஆஃப் ஜாஸ்’. நேரடி ஒளிபரப்பு. யார் யார் வாசிக்க வேண்டும் என்று தேர்ந்தெடுத்தது நாட் ஹென்டாஃப், விட்னி பாலியெட் என்ற இரண்டு எழுத்தாளர்கள். எழுதுகிறவர்களுக்கு மேடை கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது. அலங்கார செட் கிடையாது, வெறும் ஸ்டுடியோ, கேமராக்கள் ஒன்றின் ஃபிரேமுக்குள் இன்னொன்று நுழைகின்றன, பாதிப் பேர் தொப்பியைக்கூடக் கழற்றவில்லை. நடுவில் ஒரு ஸ்டூலில் பில்லி ஹாலிடே, சுற்றிலும் பென் வெப்ஸ்டர், கோல்மன் ஹாக்கின்ஸ், ராய் எல்ட்ரிட்ஜ், ஜெர்ரி முல்லிகன், அப்புறம் சாக்ஸபோன் கலைஞர் லெஸ்டர் யங். அவருக்கு அன்று உடம்பு சரியில்லை. வேறு ஒரு உருப்படியில் அவருக்கென்று இருந்த இடத்தை மற்றவர்களுக்குக் கொடுக்கும் அளவுக்கு முடியவில்லை. பில்லி பாடிய இந்தப் பாட்டுக்கு மட்டும் எழுந்து நின்றார். வாசித்தது ஒரே ஒரு கோரஸ், அதாவது பாட்டின் ஒரு முழுச் சுற்று, பன்னிரண்டு பார் ப்ளூஸ். மற்றவர்கள் நோட்டுகளைக் கொட்டுகிற இடத்தில் இவர் எண்ணி எண்ணி வைக்கிறார்.

அந்தப் பன்னிரண்டு பாரில் கேமரா பில்லி ஹாலிடேயின் முகத்துக்குப் போகிறது. ஒரு காலத்தில் இவர்கள் இருவரும் இணைபிரியாத நண்பர்கள், அவருக்கு ‘லேடி டே’ என்ற பெயரைக் கொடுத்தவர் லெஸ்டர், லெஸ்டருக்கு ‘பிரெஸ்’ என்ற பட்டத்தைக் கொடுத்தவர் அவர். நடுவில் வருடக்கணக்காக விலகியிருந்தார்கள். இதெல்லாம் தெரியாதவருக்கும் அந்த முகம் போதும். தலை மெல்ல ஆடுகிறது, உதடு லேசாக அசைகிறது, அந்தப் பன்னிரண்டு பாரும் அவருக்காகவே வாசிக்கப்படுவது போல இருக்கிறது. கன்ட்ரோல் அறையில் இருந்தவர்கள் கண் கலங்கிவிட்டார்கள் என்று ஹென்டாஃப் பின்னால் எழுதினார். 1959 மார்ச்சில் லெஸ்டர் போய்விட்டார், ஜூலையில் பில்லி. டிவி திரையையே ஃபிலிம் கேமரா வைத்துப் படம்பிடிக்கும் கினெஸ்கோப் முறையில் அது எஞ்சியதால் நமக்குக் கிடைத்தது. படத்தின் தரம் சுமார்தான். அதனால் என்ன?

நான் அதைக் குறைந்தது நாற்பது தடவை பார்த்திருப்பேன். ஒவ்வொரு தடவையும் லெஸ்டரின் விரல்களைப் பார்க்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டு ஆரம்பிப்பேன், கடைசியில் பில்லியின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருப்பேன்.

இதற்கு நேர் எதிராக 1958 நியூபோர்ட் ஜாஸ் விழாவில் பெர்ட் ஸ்டெர்ன் எடுத்த படம். அவர் விளம்பரப் புகைப்படக்காரர், சினிமாவுக்குப் புதுசு. வண்ணத்தில், தூரத்திலிருந்து நீள லென்ஸ் வைத்து, அப்படி ஒரு அழகு. கறுப்புத் தொப்பியும் வெள்ளைக் கையுறையுமாக அனிதா ஓடே பாடுவதைப் பார்த்தால் யாருக்கும் பிடிக்கும். ஆனால் தெலோனியஸ் மாங்க் பியானோவில் உட்கார்ந்திருக்கும்போது படம் கடலுக்குப் போய்விடுகிறது, பாய்மரப் படகுகளைக் காட்டுகிறது, மேலே படகுப் பந்தயத்தைப் பற்றி ஒரு குரல் பேசிக்கொண்டே இருக்கிறது. மாங்கின் மேல்! எனக்கு இன்றும் பொறுக்கவில்லை. அதில் கேட்கிற முகங்கள் ஏராளம், ஆனால் எல்லாம் பார்வையாளர் முகங்கள். ரசிகர் கேட்பது வேறு, அடுத்து தான் வாசிக்க வேண்டியவர் கேட்பது வேறு. ரசிகர் முகத்தில் சந்தோஷம் தெரியும். கலைஞர் முகத்தில் கணக்கு ஓடும்: இவன் எங்கே போகிறான், நான் எங்கே சேர்ந்துகொள்வது, இந்த வரியை எடுத்துக்கொண்டு தொடங்கலாமா வேண்டாமா.

சரி, அந்த முகத்தை எப்படிப் பிடிப்பது? எனக்குக் கற்றுக்கொடுத்தது ஒரு பழைய 16 மி.மீ. போலெக்ஸ். நண்பர் ஒருவர் இரவல் கொடுத்தார். கடிகாரத்துக்குச் சாவி கொடுப்பது போலக் கையால் சாவி கொடுக்க வேண்டும், ஒரு சாவிக்கு அரை நிமிடம்கூட ஓடாது. நூறு அடி ரோல் ஒன்றில் விநாடிக்கு 24 ஃபிரேம் வீதம் எடுத்தால் 2 நிமிடம் 46 விநாடி. முப்பத்திரண்டு பார் கொண்ட ஒரு ஸ்டாண்டர்டை, அதாவது எல்லாரும் வாசிக்கிற ஒரு பிரபலமான பாட்டை, நிமிடத்துக்கு 200 தாள அடி என்ற வேகத்தில் வாசித்தால் ஒரு சுற்று முடிய 38 விநாடி ஆகும். அதாவது ஒரு சாவியில் ஒரு கோரஸ்கூட முழுசாக நிற்காது. வேறு வழியில்லாமல் பார் எண்ண ஆரம்பித்தேன். முதல் எட்டு, அதே மாதிரி இரண்டாவது எட்டு, மெட்டு மாறுகிற பிரிட்ஜ் எட்டு, மறுபடி முதல் எட்டு. கடைசி எட்டில் கையைச் சாவியில் வைத்துக்கொண்டு, அடுத்த கோரஸ் யாருடையது என்று மேடையைப் பார்ப்பேன்.

பார்க்க ஆரம்பித்த பிறகுதான் அங்கே ஒரு சைகை மொழியே ஓடிக்கொண்டிருப்பது தெரிந்தது. இத்தனை வருடம் எழுதியிருக்கிறேன், ஒரு கட்டுரையில்கூட இதைக் குறிப்பிட்டதில்லை. சாக்ஸபோன்காரர் தன் உச்சந்தலையை இரண்டு தட்டு தட்டினால் ‘ஹெட்’டுக்குத் திரும்பு, அதாவது ஆரம்ப மெட்டுக்கு வா என்று அர்த்தம். நாலு விரலைக் காட்டினால் டிரம்ஸோடு நாலு நாலு பாராக மாற்றி மாற்றி வாசிக்கப் போகிறார்கள். மடக்கிய முஷ்டி என்றால் இதோடு முடி. மேடையில் பேசாமலே சுருதி சொல்வார்கள்: மூன்று விரலைக் கீழ்நோக்கிக் காட்டினால் மூன்று ஃப்ளாட், அதாவது ஈ ஃப்ளாட் மேஜர் என்ற சுருதி. இந்தச் சைகை அரை விநாடிதான் இருக்கும். அதைப் பிடித்தவருக்கு அடுத்த ஒரு நிமிடம் எங்கே நிற்க வேண்டும் என்று தெரியும். பிடிக்காதவர் என்னைப் போல டிரம்பெட்காரரைத் தேடி ஓடிக்கொண்டிருப்பார்.

போலெக்ஸில் இன்னொரு வம்பு, சத்தம். டரடரவென்று ஒரு தையல் மெஷின் மாதிரி. வேகமான உருப்படியில் யாருக்கும் கேட்காது. ஒருநாள் பாலட் என்கிற மெதுவான உருப்படி ஒன்றில், பாஸ் மட்டும் தனியாக வாசித்துக்கொண்டிருக்கும்போது சாவியைத் திருப்பிவிட்டேன். பாஸ்காரர் வாசிப்பதை நிறுத்தவில்லை, கண்ணை மட்டும் திறந்து என்னைப் பார்த்தார். இடைவேளையில் பக்கத்தில் வந்து, ‘நீ நல்ல டெம்போவில்தான் ஓடினாய், ஆனால் என்னுடைய டெம்போ அது இல்லை’ என்றார். கோபமே இல்லாமல் சொன்னார், அதுதான் கஷ்டமாக இருந்தது. அந்த வாரமே போலெக்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். எண்ணுகிற பழக்கம் மட்டும் என்னிடம் தங்கிவிட்டது.

ஒலி விஷயத்தில் நான் செய்த மடத்தனத்தையும் சொல்லிவிடுகிறேன். ஒலியைத் தனிக் கருவியில் பதிவு செய்தால் தொடக்கத்தில் ஒரு க்ளாப் தட்ட வேண்டும், படத்தையும் ஒலியையும் பிறகு சேர்க்க அதுதான் அடையாளம். சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த பாடம். அன்று எதற்கு எல்லார் முன்னாலும் தட்டுவது, இசையைக் கெடுப்பானேன், சிம்பல் அடி ஒன்றை வைத்துச் சேர்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டேன். டிரம்மர் அன்று முழு செட்டையும் பிரஷ்ஷில் வாசித்தார். குச்சியையே எடுக்கவில்லை. படத்தில் தெரிவதும் காதில் கேட்பதும் எல்லாம் ஒரே ‘ஸ்ஸ்ஸ்’. எங்கே அடி விழுகிறது என்று கண்டுபிடிக்க மூன்று ராத்திரி போயிற்று, அப்படியும் கடைசி உருப்படியில் அவர் கை ஒரு நூல் முன்னால் போகிறது. தெரிந்தவர் பார்த்தால் சிரிப்பார்.

எனக்கு ஆறுதல் சொல்ல ஒரு பெரிய கதை இருக்கிறது. ஜாஸ் அல்ல, காஸ்பல் என்கிற கிறிஸ்தவ பக்தி இசை. 1972 ஜனவரியில் லாஸ் ஏஞ்சல்ஸ் தேவாலயம் ஒன்றில் அரீதா ஃபிராங்க்ளின் இரண்டு ராத்திரி பாடியதை சிட்னி போலாக் படமெடுத்தார். க்ளாப்பர் போர்டு பயன்படுத்தவில்லை. இசைத்தட்டு அதே வருடம் வெளிவந்தது, படத்தில் மட்டும் ஒலியையும் உதட்டையும் சேர்க்க முடியவில்லை. டிஜிட்டல் வசதி வந்த பிறகுதான் சேர்த்தார்கள், அப்புறம் உரிமைத் தகராறு வேறு. பொதுமக்கள் பார்த்தது 2018-இல். என் மூன்று ராத்திரி எந்த மூலைக்கு!

ஒலியையும் படத்தையும் ஒரே நேரத்தில் பிடிப்பது அந்தக் காலத்தில் எவ்வளவு அரிது என்பதற்குச் சாக்ஸபோன் மேதை சார்லி பார்க்கர் ஒருவர் போதும். 1952 பிப்ரவரியில், விருது கொடுக்கிற ஒரு டிவி நிகழ்ச்சியில் டிஸி கில்லெஸ்பியோடு வாசித்தார். அவர் வாசிப்பதை நேரடி ஒலியோடு பார்க்க நமக்குத் தெரிந்து மிஞ்சியிருப்பது அந்தச் சில நிமிடங்கள்தான். அதற்கு முன்னால் 1940களில் ஜூக்பாக்ஸ் மாதிரி ஒரு பெட்டியில் காசு போட்டுப் பார்க்கிற ‘சவுண்டீஸ்’ குறும்படங்கள் நூற்றுக்கணக்கில் வந்தன, அவற்றில் பாட்டு முன்கூட்டியே பதிவானது, படப்பிடிப்பில் வாயசைப்பும் விரலசைப்பும்தான். பெட்டிக்குள் கண்ணாடியில் பட்டுத் திரைக்கு வருவதால் பிரிண்டையே இடவலமாகப் புரட்டிப் போட்டிருப்பார்கள், இன்று அதைச் சரிசெய்யாமல் யாராவது ஏற்றினால் எல்லாரும் இடதுகைக்காரர்கள் ஆகிவிடுவார்கள். ஜோன் மிலி 1944-இல் எடுத்த ‘ஜாமின் தி ப்ளூஸ்’ பத்து நிமிடக் குறும்படமும் பதிவுசெய்த இசைக்கு வாசித்ததுதான். அதில் ஒளி விழுகிற அழகை நான் இன்னும் காப்பியடிக்கப் பார்க்கிறேன். ஆனால் அங்கே யாரும் யாரையும் கேட்க வேண்டிய அவசியம் இல்லை, அடுத்து என்ன வரும் என்று எல்லாருக்கும் முன்பே தெரியும். அது முகத்தில் தெரிகிறது. கிதார்காரர் பார்னி கெசல் ஒருவர்தான் வெள்ளையர், கறுப்பர்களோடு ஒன்றாக இருப்பதைக் காட்டத் தயங்கி அவரை நிழலிலேயே வைத்தார்கள். இது தெரிந்த பிறகு அந்த நிழல்களை முன்போல ரசிக்க முடியவில்லை.

எனக்கு மிகவும் பிடித்த ஜாஸ் படம் எது என்று கேட்டால் அதில் யாருமே வாசிக்கவில்லை. 1958 ஆகஸ்டில் ஹார்லெமில் ஒரு வீட்டு வாசலில் 57 கலைஞர்களை நிற்கவைத்து ஆர்ட் கேன் எடுத்த புகைப்படம் எல்லாருக்கும் தெரியும். அன்று பாஸ் கலைஞர் மில்ட் ஹின்டனின் மனைவி மோனா ஒரு 8 மி.மீ. கேமராவில் அந்தக் கூட்டத்தைச் சும்மா எடுத்துக்கொண்டிருந்தார். ஒலி கிடையாது. பல நாள் பார்க்காதவர்கள் பார்த்துக்கொள்கிறார்கள், தோளில் தட்டுகிறார்கள், ஒருவர் கதை சொல்ல நாலு பேர் சிரிக்கிறார்கள். ரேடியோ தயாரிப்பாளராக இருந்த ஜீன் பாக் 1994-இல் எடுத்த ஆவணப்படத்தில் அது வருகிறது. லைட்டோ லென்ஸோ பற்றிக் கவலைப்படாத ஒருவர், தனக்குத் தெரிந்தவர்களை எடுத்த படம். கேமராவைப் பார்த்து யாரும் விறைக்கவில்லை, ஏனென்றால் அவர்கள் பார்த்தது மோனாவை.

அந்த மாதிரி விறைக்காமல் இருக்க எனக்கு ஒரு வருடம் ஆயிற்று. அதாவது நான் படமெடுக்கிற கலைஞர்களுக்கு, என் முன்னால். இப்போது மாலை ஒலிச் சோதனைக்கே போய்விடுவேன், முதல் ஒரு மணி நேரம் கேமராவைப் பையிலிருந்து எடுப்பதில்லை. டிரம்மர் தரைவிரிப்பை விரிப்பார், அதில் டிரம்ஸ் ஸ்டாண்டுகளின் ஒவ்வொரு கால் எங்கே நிற்க வேண்டும் என்று டேப் ஒட்டியிருக்கும், பார்க்காமலே ஸ்டாண்டின் காலைச் சரியாக அதில் வைப்பார். சாக்ஸபோன்காரர் ரீடை, அதாவது ஊதுமுனையில் மாட்டுகிற மெல்லிய நாணல் தகட்டை, வாயில் ஊறவைத்துக்கொண்டே பேசுவார், பாதி வார்த்தை புரியாது, ஒன்றை எடுத்து விளக்குக்கு நேராகத் தூக்கிப் பார்த்துவிட்டு அடுத்ததை வாயில் போடுவார். பத்து ரீடில் இரண்டோ மூன்றோதான் தேறும் என்று புலம்பாத சாக்ஸபோன்காரரை நான் இன்னும் சந்திக்கவில்லை. பேட்டி என்று உட்காரவைத்து விளக்குப் போட்டுக் கேட்டால் எல்லாரும் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள். ரீட் வாயில் இருக்கும்போது கேட்டால் உண்மை வரும்.

உரிமை விஷயம் ஒரு தலைவலி, சுருக்கமாகச் சொல்கிறேன். கலைஞர் சம்மதித்தால் மட்டும் போதாது. அவர் வாசிப்பது வேறொருவர் எழுதிய ஸ்டாண்டர்ட் என்றால் அந்தப் பாட்டின் பதிப்பாளரிடம் படத்தில் சேர்ப்பதற்கென்று தனி உரிமை வாங்க வேண்டும், மெட்டு இரண்டு நிமிடம்தான், மீதியெல்லாம் சோலோ என்றாலும் சரி. அதனால் இப்போது முன்கூட்டியே சொந்த உருப்படி எத்தனை வாசிப்பீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். இது படத்தை வளைக்கிறது என்று எனக்கே தெரியும், வேறு வழி இன்னும் கண்டுபிடிக்கவில்லை. வாசித்தவர்களுக்குப் பணம் கொடுக்காமல் ‘உங்களுக்கு விளம்பரம்தானே’ என்று சொல்லிப் படமெடுப்பவர்களைப் பற்றி இங்கே எழுத ஆரம்பித்தால் நிறுத்த மாட்டேன், அதனால் விட்டுவிடுகிறேன்.

போன வாரம் அந்தப் பிரஷ் டிரம்மரிடம் படத்தைக் காட்டினேன். எழுபதைத் தாண்டியவர். லேப்டாப்பை அவர் மடியில் வைத்துவிட்டு, ஒலி ஒரு நூல் பிசகியிருப்பதைக் கண்டுபிடித்துவிடுவாரோ என்ற பயத்தில் பக்கத்தில் நின்றேன். அவருடைய சோலோ வந்தது. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார், பார்க்கவே இல்லை. அதற்குப் பிறகு, பியானோ வாசிக்கும்போது நான் பாஸ்காரர் முகத்தில் கேமராவை வைத்த ஒரு இடம் வந்தது. ‘நிறுத்து, பின்னால் போ’ என்றார். போனேன். மறுபடியும் பின்னால் போகச் சொன்னார். பாஸ்காரரின் இடது புருவம் லேசாக மேலே போய் இறங்குகிறது, அவ்வளவுதான்.

‘இங்கே நான் வேகத்தைக் கூட்டிவிட்டேன்’ என்றார். ‘அவனுக்குத் தெரிந்திருக்கிறது. இருபத்திரண்டு வருடமாக என்னோடு வாசிக்கிறான், ஒரு தடவைகூட சொன்னதில்லை, ராஸ்கல்.’

அப்புறம் ஃபோனை எடுத்து பாஸ்காரரின் எண்ணைத் தேட ஆரம்பித்தார். நான் கேமராவைப் பையிலிருந்து எடுக்கலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தேன்.